கடித்ததும் வெங்காயம் மட்டும் உருவி வருகிறதே! ஆனியன் ரிங்ஸ்: வாசகர் கேள்வி பதில்

வீட்டில் ஆனியன் ரிங்ஸ் (வளையமாக நறுக்கிய வெங்காயத்தை மாவில் முக்கிப் பொரிப்பது) செய்வது பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த முறை மொத்தமாகப் பதில் சொல்கிறோம். கீழே வரும் அளவுகளில் ஒரு கப் என்றால் 240 மில்லி, மேசைக்கரண்டி 15 மில்லி, தேக்கரண்டி 5 மில்லி. கரண்டி அளவெல்லாம் தலைதட்டி எடுத்தது.

கேள்வி: ஆனியன் ரிங்ஸைக் கடித்தால் உள்ளே இருக்கும் வெங்காயம் முழுசாக உருவிக்கொண்டு வந்துவிடுகிறது. கையில் வெறும் மாவுக் கூடுதான் மிச்சம். மாவைக் கெட்டியாகக் கரைத்தும் பார்த்துவிட்டேன். எப்படித்தான் ஒட்ட வைப்பது?

பதில்: மாவைக் கெட்டியாக்கிப் பயனில்லை, கோளாறு வெங்காயத்தில் இருக்கிறது. ஒரு வளையத்தைக் கையில் எடுத்து, அதன் உட்பக்க விளிம்பை நகத்தால் மெல்லச் சுரண்டிப் பாருங்கள். கண்ணாடித்தாள் மாதிரி மெல்லிய சவ்வு ஒன்று எழும்பும். வெங்காயத்தின் ஒவ்வோர் அடுக்குக்கும் உள்பக்கம் இது உண்டு. அது வழவழவென்று இருப்பதால் மாவு அதில் சரியாகப் பிடிக்காது. வெங்காயம் வெந்த பிறகும் சவ்வு வேகாமல் ரப்பர் போல நிற்கும். கடிக்கும்போது பல்லில் அறுபடாமல், வளையத்தையே இழுத்துக்கொண்டு வருவது அதுதான்.

இன்னொரு காரணமும் சேர்ந்துகொள்கிறது. மேல்மாவு இரண்டரை, மூன்று நிமிடத்தில் சிவந்துவிடும். தடியாக நறுக்கிய பச்சை வெங்காயம் அதற்குள் முழுசாக மெத்தென்று ஆகாது. நறுக்கென்று நிற்கும் வெங்காயத்தைப் பல் துண்டாக்காது, இழுக்கத்தான் செய்யும்.

இரண்டுக்கும் ஒரே மருந்து ஃப்ரீசர். நறுக்கிப் பிரித்த வளையங்களை ஒரு பையில் போட்டு, குறைந்தது ஒரு மணி நேரம், முடிந்தால் ஓர் இரவு முழுக்க ஃப்ரீசரில் வையுங்கள். உறையும்போது வெங்காயத்துக்குள் இருக்கும் நீர் பனிப்படிகமாகி, அதன் செல் சுவர்களைக் கிழித்துவிடும். அடுப்பில் ஏறும் முன்பே வெங்காயம் பாதி இளகிவிடுகிறது. எடுத்துக் குழாய்த் தண்ணீரில் காட்டி உறைவு விட்டதும், உட்பக்கச் சவ்வின் நுனியைப் பிடித்து இழுத்தால் முழு வட்டமாகக் கழன்று வரும். பச்சை வளையத்தில் இப்படி வராது; கத்தி முனையால் கிளப்பிக் கிளப்பித்தான் எடுக்க வேண்டும். உறைந்து இளகிய வளையங்கள் தொய்ந்துபோய்க் கிடக்கும். பயப்பட வேண்டாம், மாவு வெந்ததும் அது வட்டமாகத் தாங்கி நிறுத்திவிடும்.

அடுத்தது ஈரம். இளகிய வெங்காயம் நிறையத் தண்ணீர் விடும். சுத்தமான துணியில் பரப்பி, மேலே இன்னொரு துணி வைத்து அழுத்தி ஒற்றி எடுங்கள். பிறகு உலர்ந்த சோள மாவிலோ (கார்ன்ஃப்ளோர்) மைதாவிலோ புரட்டி, தட்டி உதறுங்கள். வெங்காயத்தின் மேல் வெள்ளைப் பூச்சு மாதிரி மெல்லிசாகத் தெரிந்தால் போதும், திட்டுத் திட்டாக நிற்கக் கூடாது. கரைத்த மாவுக்குப் பிடிமானம் இந்தப் பூச்சுதான். இதைத் தாண்டிவிட்டு நேராக மாவில் முக்கினால், அங்கங்கே வழுக்கை விழுந்த வளையம்தான் கிடைக்கும்.

கேள்வி: எந்த வெங்காயம் நல்லது? எவ்வளவு தடிமனாக நறுக்க வேண்டும்?

பதில்: உருண்டையான, பெரிய, கையில் கல் மாதிரி கெட்டியாக இருக்கும் வெங்காயம். ஒன்று 200 முதல் 250 கிராம் வரை இருக்கலாம். தோல் காய்ந்து சலசலக்க வேண்டும். கழுத்துப் பகுதியை அழுத்தினால் அமுங்குகிறது, நுனியில் பச்சை முளை எட்டிப் பார்க்கிறது என்றால் அதை வேறு சமையலுக்கு வைத்துக்கொள்ளுங்கள். அப்படிப்பட்டதில் வளையம் அடுக்குக்கு அடுக்கு ஒரே தடிமனில் வராது. வெள்ளையும் மஞ்சளும் பெரும்பாலும் காரம் குறைந்தவை. சிவப்பிலும் தாராளமாகச் செய்யலாம்.

வேர் இருக்கும் பக்கத்தையும் நுனியையும் சீவிவிட்டு, வெங்காயத்தைக் கிடத்திக் குறுக்காக நறுக்குங்கள். தடிமன் ஒரு சென்டிமீட்டரிலிருந்து ஒன்றேகால் சென்டிமீட்டர் வரை. அதற்குக் கீழே போனால் வெங்காயம் கரைந்து, வாயில் மாவு மட்டும் தெரியும். அதற்கு மேல் போனால் நடுவில் பச்சை வாசம் நிற்கும். எல்லாத் துண்டும் ஒரே தடிமனில் இருப்பது முக்கியம். ஒரே ஈட்டில் மெல்லியதும் தடியதும் கலந்தால் எதை எப்போது எடுப்பது என்று தெரியாது.

கேள்வி: வீட்டில் இரண்டு பெரிய வெங்காயம் இருக்கிறது. அதற்கு மாவு அளவு சரியாகச் சொல்லுங்கள்.

பதில்: இரண்டு பெரிய வெங்காயத்தில் 25 முதல் 30 வளையம் தேறும். அதற்கு மைதா 1 கப், சோள மாவு கால் கப், அரிசி மாவு 2 மேசைக்கரண்டி, பேக்கிங் பவுடர் 1 தேக்கரண்டி, உப்பு முக்கால் தேக்கரண்டி, மிளகாய்த் தூள் அரை தேக்கரண்டி, மிளகுத் தூள் கால் தேக்கரண்டி, சர்க்கரை அரை தேக்கரண்டி. கரைப்பதற்கு ஐஸ் போல ஜில்லென்ற சோடாத் தண்ணீர் 1 கப் எடுத்து வையுங்கள். முதலில் முக்கால் கப் ஊற்றிக் கலக்கி, மீதியை ஒவ்வொரு கரண்டியாகச் சேர்த்துப் பதம் பார்க்க வேண்டும். மாவின் தரத்தைப் பொறுத்து 220 முதல் 250 மில்லி வரை பிடிக்கும். வளையத்தைப் புரட்டுவதற்கு உலர்ந்த சோள மாவோ மைதாவோ அரை கப் தனியாக.

ஒவ்வொன்றும் எதற்கு என்று தெரிந்தால் நீங்களே கூட்டிக் குறைக்கலாம். மைதாவில் உள்ள புரதம் தண்ணீரோடு சேர்ந்தால் குளூட்டன் என்ற இழையாகும்; மாவு வளையத்தைப் பற்றிக்கொள்வது அதனால்தான். அதுவே அதிகமானால் மேல்மாவு சவக்குச் சவக்கென்று தோல் போல இழுக்கும். சோள மாவிலும் அரிசி மாவிலும் குளூட்டன் கிடையாது. இவை சேரச் சேர மொறுமொறுப்பு கூடும், பிடிமானம் குறையும். மேலே சொன்ன அளவில் இரண்டும் ஒத்துப்போகும். அரிசி மாவைக் கூட்டினால் கரகரப்பு கூடும்தான், ஆனால் ஆறியதும் கல் மாதிரி ஆகிவிடும். 2 மேசைக்கரண்டிக்கு மேல் வேண்டாம் என்பது எங்கள் கருத்து. சர்க்கரை இனிப்புக்காக இல்லை, நிறத்துக்காக. சோடாவில் கரைத்த மாவு சர்க்கரை இல்லாமல் வெளிறித்தான் இருக்கும். ஒரு தேக்கரண்டியைத் தாண்டினால் உள்ளே வேகும் முன்பே வெளியே கருகும்.

கேள்வி: மாவுப் பதம் எப்படித் தெரிந்துகொள்வது? கட்டி இல்லாமல் நன்றாக அடிக்க வேண்டுமா?

பதில்: அடிக்கவே கூடாது. அடிக்க அடிக்கக் குளூட்டன் இழை வலுக்கும், சோடாவின் குமிழும் போய்விடும். ஒரு முள்கரண்டியால் பத்துப் பதினைந்து சுற்று கலக்கினால் போதும். மிளகளவு சின்னச் சின்னக் கட்டிகள் இருந்தால் அப்படியே விடுங்கள், பொரியும்போது தெரியாது.

பதம் பார்க்க ஒரு கரண்டியை முக்கி எடுத்து, அதன் முதுகில் விரலால் ஒரு கோடு இழுங்கள். கோட்டின் இரண்டு கரையும் நாலைந்து நொடி கலங்காமல் நிற்க வேண்டும். உடனே வழிந்து மூடினால் மாவு நீர்த்திருக்கிறது. ஒரு மேசைக்கரண்டி மைதா தூவுங்கள். கரண்டியை விட்டு ஒழுகவே மாட்டேன் என்கிறதா? சோடா ஒரு கரண்டி. ஒரு வளையத்தை முக்கித் தூக்கினால் அதிகப்படி மாவு மூன்று நான்கு நொடியில் வடிந்து, பிறகு சொட்டுச் சொட்டாக விழ வேண்டும். நடுத் துளையில் படலம் கட்டி நின்றாலும் கெட்டி என்றே அர்த்தம்.

மாவைக் கடைசி நிமிடத்தில் கரையுங்கள். எண்ணெய் காய்ந்துகொண்டிருக்கும்போது கரைத்தால் சரியாக இருக்கும். நேரம் போகப் போக மாவு தண்ணீரை இழுத்துக் கெட்டிப்படும், வாயுவும் வெளியேறும். ஈடு நிறைய இருந்தால் மாவுக் கிண்ணத்தை ஐஸ் தண்ணீர் நிரப்பிய பெரிய பாத்திரத்துக்குள் வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: சில குறிப்புகளில் பீர் ஊற்றச் சொல்கிறார்கள். அது இல்லாவிட்டால் மொறுமொறுப்பு குறையுமா?

பதில்: பெரிதாகக் குறையாது. பீர் செய்வது மூன்று வேலை. அதில் இருக்கும் கரியமில வாயு மாவை லேசாக்குகிறது. ஆல்கஹால் 78 டிகிரியிலேயே கொதிப்பதால் மாவு சீக்கிரம் உலர்கிறது. மால்ட்டின் (முளைகட்டி உலர்த்திய பார்லி) சர்க்கரை நிறம் கொடுக்கிறது. முதல் வேலையைச் சோடா செய்கிறது, மூன்றாவதை அந்த அரை தேக்கரண்டி சர்க்கரை. நடுவில் இருப்பதைத்தான் இழக்கிறோம், அதைச் சோள மாவு பெருமளவு ஈடுகட்டிவிடும்.

கேள்வி: பேக்கிங் பவுடர் தீர்ந்துபோனதால் அதே அளவு சமையல் சோடா போட்டேன். சீக்கிரமே கருஞ்சிவப்பாகிவிட்டது, சோப்பு வாசம் வேறு. வெங்காயம்கூட நீலம் பாரித்த மாதிரி தெரிந்தது. கெட்டுப்போன வெங்காயமா?

பதில்: வெங்காயத்தின் மேல் குற்றமில்லை, சோடா அதிகம். சமையல் சோடா காரத்தன்மை (புளிப்புக்கு எதிரானது, மிளகாய்க் காரம் இல்லை) உள்ளது, பேக்கிங் பவுடரைவிடப் பல மடங்கு வீரியமானது. அதைச் சமன் செய்யப் புளிப்பு ஏதும் இல்லாததால் மாவிலேயே தங்கி, சோப்பு வாசம் கொடுத்திருக்கிறது. காரத்தன்மை கூடினால் மாவு சிவப்பதும் வேகமாகும். அதனால் உள்ளே வேகும் முன் வெளியே கறுத்துவிட்டது. சிவப்பு வெங்காயத்தின் நிறமி புளிப்பில் சிவக்கும், காரத்தன்மையில் நீலமாகும். நீங்கள் பார்த்த நீலம் அதுதான்.

பேக்கிங் பவுடர் இல்லாத நாளில் சமையல் சோடா கால் தேக்கரண்டி மட்டும் போட்டு, அரை தேக்கரண்டி எலுமிச்சைச் சாறு சேருங்கள். இரண்டுமே இல்லாவிட்டாலும், ஜில்லென்ற சோடாத் தண்ணீர் மட்டும் இருந்தால் மேல்மாவு கொஞ்சம் மெல்லிசாக, நன்றாகவே வரும்.

கேள்வி: எண்ணெய்ச் சூடு பார்க்கத் தெர்மாமீட்டர் என்னிடம் இல்லை. முதல் ஈடு எண்ணெய் குடிக்கிறது, மூன்றாவது ஈடு கருகுகிறது. நடுவில் ஒன்றுதான் நன்றாக வருகிறது.

பதில்: வேண்டிய சூடு 180 டிகிரி செல்சியஸ், 175 முதல் 185 வரை போகலாம். 160-க்குக் கீழே இறங்கினால் மேல்மாவு உடனே இறுகாது, எண்ணெயில் ஊறும். 195-ஐத் தாண்டினால் ஒரு நிமிடத்தில் சிவந்து, வெங்காயம் பச்சையாக நிற்கும்.

தெர்மாமீட்டர் இல்லாமல் பார்க்க, ஒரு சொட்டு மாவை எண்ணெயில் விடுங்கள். அடிக்குப் போய் அங்கேயே தங்கினால் இன்னும் காயவில்லை. பாதி ஆழம் போய், சுற்றிலும் குமிழோடு உடனே மேலே வந்தால் சரி. கீழே இறங்காமல் மேலேயே பொரிந்து, பத்துப் பதினைந்து நொடியில் சிவந்துவிட்டால் சூடு அதிகம். அடுப்பை அணைத்து இரண்டு நிமிடம் விடுங்கள். ஈரமில்லாத மரக் கரண்டியின் காம்பை எண்ணெயில் நிறுத்தினாலும் தெரியும். காம்பைச் சுற்றிச் சீராகச் சின்னக் குமிழ்கள் எழும்ப வேண்டும்.

உங்கள் மூன்று ஈடும் மூன்று விதமாக வருவதற்குக் காரணம் அடுப்பை ஒரே தீயில் வைத்திருப்பதுதான். வளையம் போட்டவுடன் எண்ணெய்ச் சூடு சட்டென்று இறங்கும். அப்போது தீயைக் கூட்ட வேண்டும். வளையங்களை எடுத்ததும் எண்ணெயில் வேலை ஏதும் இல்லாததால் சூடு விறுவிறுவென்று ஏறும். அப்போது குறைக்க வேண்டும். ஒவ்வோர் ஈட்டுக்கு முன்பும் அந்த ஒரு சொட்டு மாவைப் போட்டுப் பாருங்கள். அடி கனமான வாணலியில் எண்ணெய் ஐந்து சென்டிமீட்டர் ஆழமாவது இருக்கட்டும், ஆனால் வாணலியில் பாதிக்கு மேல் வேண்டாம். ஒரே தடவையில் நாலைந்து வளையத்துக்கு மேல் போடாதீர்கள்.

போடும் விதமும் இருக்கிறது. வளையத்தை முள்கரண்டியிலோ மெல்லிய குச்சியிலோ தொங்கவிட்டு, மாவு வடிந்ததும் எண்ணெயில் பாதி இறக்கி இரண்டு நொடி பிடியுங்கள். அடிப்பாகம் பொரிந்து தானாக மிதக்க ஆரம்பித்ததும் விட்டுவிடலாம். தொப்பென்று போட்டால் அடியில் ஒட்டி, கிளப்பும்போது மாவு உரிந்துவிடும். ஒரு பக்கம் ஒன்றரை நிமிடம் ஆனதும் ஒரே ஒரு தடவை திருப்புங்கள்.

எடுக்கும் நேரத்தைக் காதும் சொல்லும். முதலில் பெரிய பெரிய குமிழாக, சடசடவென்று சத்தமாக இருக்கும். அது மாவிலிருந்து ஆவியாகி வெளியேறும் நீர். நீர் குறையக் குறையக் குமிழ் சிறுத்து, சத்தம் மெல்ல அடங்கும். அடங்கத் தொடங்கிய பிறகு இன்னும் பதினைந்து, இருபது நொடி விட்டு, பொன்னிறம் ஏறியதும் எடுத்தால் சரியாக இருக்கும்.

கேள்வி: எடுத்தவுடன் மொறுமொறுவென்று இருக்கிறது. சாப்பிட உட்காருவதற்குள் நமுத்துப் போய்விடுகிறது. டிஷ்யூ பேப்பரில் எண்ணெய் வடித்து, சூடு ஆறாமல் மூடிதான் வைக்கிறேன்.

பதில்: நமுக்க வைப்பதே அந்த மூடியும் பேப்பரும்தான். வெங்காயத்தில் கிட்டத்தட்ட 89 சதவீதம் நீர். எண்ணெயை விட்டு வந்த பிறகும் உள்ளிருந்து ஆவி வந்துகொண்டே இருக்கும். மூடினால் அந்த ஆவி மூடியில் பட்டு நீராகி வளையத்தின் மேலேயே விழும். பேப்பரில் வைத்தால் அடிப்பக்கம் வியர்க்கும். எண்ணெயிலிருந்து எடுத்ததும் ஜல்லிக் கரண்டியில் இரண்டு மூன்று தடவை நன்றாக உதறிவிட்டு, கம்பித் தட்டில் ஒன்றின் மேல் ஒன்று படாமல் பரப்புங்கள். கீழேயும் காற்று போக வேண்டும்.

அந்த உதறலில் ஒரு விஷயம் இருக்கிறது. எண்ணெயில் இருக்கும்போது ஆவி வெளியே தள்ளிக்கொண்டே இருப்பதால் எண்ணெய் உள்ளே அதிகம் போக முடியாது. வெளியே எடுத்து ஆறத் தொடங்கும்போதுதான், உள்ளே இருக்கும் ஆவி குளிர்ந்து சுருங்கி, மேலே ஒட்டியிருக்கும் எண்ணெயை உறிஞ்சிக்கொள்ளும். ஆகவே முதல் சில நொடிகளில் உதறும் எண்ணெய்தான் கணக்கு. ஆறிய பிறகு பேப்பரில் ஒற்றினால் மேலே இருப்பது மட்டும்தான் போகும்.

இதையும் தாண்டி நமுத்தால், வெளிறிய நிறத்திலேயே எடுத்துவிடுகிறீர்கள் என்று அர்த்தம். பொன்னிறம் வரும் முன் எடுத்த மேல்மாவில் நீர் மிச்சம் இருக்கும்.

விருந்துக்குச் செய்யும்போது இரண்டு தடவை பொரிக்கும் முறையை நாங்கள் சிபாரிசு செய்வோம். முதல் தடவை 165 டிகிரியில் ஒன்றரை, இரண்டு நிமிடம், நிறம் வராமல் எடுத்துக் கம்பித் தட்டில் ஐந்து முதல் பத்து நிமிடம் விடுங்கள். உள்ளிருக்கும் ஈரம் மேல்மாவுக்கு வந்து சேரும். பிறகு 190 டிகிரியில் 45 நொடி முதல் ஒரு நிமிடம். வந்து சேர்ந்த ஈரம் அதில் போய்விடும். ஒற்றைப் பொரிப்பைவிட இது நீண்ட நேரம் தாங்கும். ஓவன் இருந்தால் 100 டிகிரியில், கம்பித் தட்டோடு உள்ளே வைத்துக் கதவை ஒரு விரல் திறந்து வைக்கலாம்.

உப்பு தூவுவதாக இருந்தால் எண்ணெயிலிருந்து எடுத்த அரை நிமிடத்துக்குள் தூவுங்கள். பிறகு ஒட்டாது.

கேள்வி: முட்டை சேர்க்க வேண்டுமா? தண்ணீருக்குப் பதில் பால், மோர் ஊற்றலாமா?

பதில்: முட்டை அவசியமில்லை. சேர்த்தால் பிடிமானமும் நிறமும் கூடும், மேல்மாவு சற்று மெத்தென்று ஆகும். பாலும் மோரும் சீக்கிரம் சிவக்க வைக்கும். அப்போது சர்க்கரையை விட்டுவிட்டு, எண்ணெயைப் பத்து டிகிரி குறைத்துக்கொள்ளுங்கள். மோரைக் கரைப்பதற்குப் பதில் ஊற வைக்கப் பயன்படுத்துவது மேல். நறுக்கிய வளையத்தை அரை மணி நேரம் மோரில் போட்டு வைத்தால் காரம் தணியும், லேசான புளிப்பும் ஏறும்.

கேள்வி: வெங்காயத்தின் காட்டம் தொண்டையில் நிற்கிறது. குழந்தைகள் ஒதுக்கிவிடுகிறார்கள்.

பதில்: வெங்காயத்தை நறுக்கும்போதுதான் அந்தக் காட்டமே உருவாகிறது. கத்தி பட்டு உடைந்த இடத்தில் கந்தகச் சேர்மமும் ஒரு நொதியும் கலந்து உண்டாவது அது. ஐஸ் தண்ணீரில் அரை மணி நேரம் போட்டு, நடுவில் ஒருமுறை தண்ணீரை மாற்றினால் பெரும்பகுதி கழுவிக்கொண்டு போகும். கூர்மையான கத்தியால் நறுக்கினால் ஆரம்பத்திலேயே காட்டம் குறைவு. மழுங்கிய கத்தி நசுக்கும்.

கேள்வி: ஏர் ஃப்ரையரில் செய்தேன். மாவெல்லாம் கூடையின் ஓட்டை வழியாக ஒழுகி, கீழே காய்ந்து ஒட்டிவிட்டது.

பதில்: கரைத்த மாவை இறுக வைக்கக் கொதிக்கும் எண்ணெய் சுற்றிலும் ஒரே நொடியில் தொட வேண்டும். சூடான காற்றால் அது முடியாது. மாவு இறுகும் முன் வழிந்துவிடும். ஏர் ஃப்ரையருக்குப் பிரெட் தூள் பூச்சுதான் சரி.

ஒரு கப் பிரெட் தூளை ஒன்றரை மேசைக்கரண்டி எண்ணெயில் பிசறி, வாணலியில் இளம் பொன்னிறம் வரும்வரை முன்கூட்டியே வறுத்துவிடுங்கள். இதைச் செய்யாமல் விட்டால் வெந்த பிறகும் மேலே வெள்ளை வெள்ளையாக, மண் மாதிரி இருக்கும். வளையத்தை மைதாவில் புரட்டி, அடித்த முட்டையிலோ கெட்டி மோரிலோ முக்கி, தூளில் வைத்து அழுத்துங்கள். ஒரு கையை உலர்ந்ததற்கும் இன்னொரு கையை ஈரமானதற்கும் வைத்துக்கொண்டால் விரல் நுனியில் உருண்டை உருண்டையாக மாவு ஒட்டாது. ஃப்ரிட்ஜில் கால் மணி நேரம் வைத்த பிறகு, 190 முதல் 200 டிகிரியில் எட்டுப் பத்து நிமிடம். ஐந்தாவது நிமிடம் திருப்புங்கள். ஒரே அடுக்காகத்தான் வைக்க வேண்டும். சாதாரண ஓவனில் 220 டிகிரி, 15 முதல் 18 நிமிடம். தட்டில் எண்ணெய் தடவி, தட்டையே முதலில் சூடாக்கிவிட்டு வளையத்தை அடுக்குங்கள்.

நன்றாகவே இருக்கும். ஆனால் எண்ணெயில் பொரித்த மாவின் அந்தக் குமிழ்விட்ட ஓடு இதில் வராது. அதை எதிர்பார்த்துச் செய்தால் ஏமாற்றம்தான்.

கேள்வி: வீட்டில் ஒருவருக்கு கோதுமை, மைதா ஆகாது. அவர்களுக்கு எப்படி?

பதில்: அரிசி மாவு முக்கால் கப், சோள மாவு அரை கப், மற்றவை அதே அளவு. பற்றிக்கொள்ளக் குளூட்டன் இல்லாததால் ஒரு முட்டையின் வெள்ளைக்கருவைச் சேர்த்து, சோடாவை முக்கால் கப்புக்குள் நிறுத்துங்கள். இந்த மாவு அடியில் படியும். ஒவ்வொரு வளையத்துக்கும் ஒருமுறை கலக்கிவிட வேண்டும். புரட்டுவதற்கும் சோள மாவுதான். சில பேக்கிங் பவுடர்களில் கோதுமை ஸ்டார்ச் கலந்திருக்கும், டப்பாவில் எழுதியிருப்பதைப் படித்துவிட்டு வாங்குங்கள். ஏற்கெனவே மைதா பொரித்த எண்ணெயையும் தவிர்க்க வேண்டும்.

கேள்வி: இருபது பேர் வருகிறார்கள். முதல் நாளே செய்து வைக்க முடியுமா?

பதில்: முடியும். 175 டிகிரியில் ஒரு நிமிடம் மட்டும் பொரித்து, மேல்மாவு இறுகியதும் வெளிறிய நிலையிலேயே எடுத்து முழுசாக ஆற விடுங்கள். சூட்டோடு ஃப்ரீசரில் வைத்தால் ஆவி பனியாகி மேலே படியும், அது பின்னால் எண்ணெயில் வெடிக்கும். ஆறியதைத் தட்டில் தனித்தனியாகப் பரப்பி இரண்டு மணி நேரம் உறைய வைத்து, கல்லாக ஆன பிறகு பையில் போட்டுக் காற்றை அழுத்தி வெளியேற்றி மூடுங்கள். ஒரு மாதத்துக்குள் பயன்படுத்திவிடலாம்.

பரிமாறும்போது உறைவு விடாமல் நேராக எண்ணெயில் போட வேண்டும். 180 டிகிரி, இரண்டு முதல் இரண்டரை நிமிடம், ஒரு தடவைக்கு மூன்று நான்கு வளையம். வெளியே வைத்து இளகவிட்டால் மாவு ஊறி உரிந்துவிடும். முழுசாகப் பொரித்து மீந்ததைச் சூடாக்க, 200 டிகிரி ஓவனில் கம்பித் தட்டில் ஐந்து முதல் எட்டு நிமிடம். மைக்ரோவேவ் வேண்டாம், உள்ளிருக்கும் நீரைத்தான் அது முதலில் ஆவியாக்கும். வளையம் சொதசொதவென்று ஆகிவிடும்.

கேள்வி: இது எங்கே, எப்போது தொடங்கிய பண்டம்?

பதில்: தொடங்கிய இடம் என்று பல ஊர்கள் உரிமை கொண்டாடுகின்றன. இங்கிலாந்தில் 1802-இல் அச்சான சமையல் நூல் ஒன்றில் இதே வடிவம் இருக்கிறது: அரை அங்குல வளையமாக நறுக்கிய வெங்காயத்தை மாவு, க்ரீம், பார்மெசான் சீஸ் கலவையில் முக்கிக் கொழுப்பில் பொரிப்பது. அந்த அரை அங்குலம் என்பது நாம் மேலே சொன்ன ஒன்றேகால் சென்டிமீட்டர்தான்.

கேள்வி: பொரித்த எண்ணெயை மறுபடி எத்தனை தடவை பயன்படுத்தலாம்? எண்ணெய் தீப்பற்றினால் என்ன செய்வது என்றும் சொல்லுங்கள்.

பதில்: மாவுப் பண்டம் பொரித்த எண்ணெய் சீக்கிரம் கெடும், உதிர்ந்த துணுக்குகள் அடியில் கருகிக் கசப்பு ஏற்றுவதுதான் காரணம். ஒவ்வோர் ஈடு முடிந்ததும் அவற்றை அரித்து எடுங்கள். முழுசாக ஆறிய பிறகு மெல்லிய துணியில் வடிகட்டி, வெளிச்சம் படாத இடத்தில் மூடி வைத்தால் இரண்டு மூன்று தடவை வரும். எண்ணிக்கையைவிட அடையாளம் முக்கியம்: நிறம் கறுத்து, பிசுபிசுப்பாகி, மேலே நுரை நின்று, வழக்கத்துக்கு முன்பே புகைந்தால் கொட்டிவிடுங்கள். சுத்திகரித்த எண்ணெயாக எடுங்கள். சுத்திகரிக்காதவை பல இந்தச் சூட்டுக்கு முன்பே புகைய ஆரம்பித்துவிடும்.

தீப்பற்றினால் அடுப்பை அணையுங்கள், உலோக மூடியைப் பக்கவாட்டிலிருந்து நகர்த்தி வாணலியை மூடுங்கள், முழுசாக ஆறும்வரை திறக்காதீர்கள். வாணலியைத் தூக்கிக்கொண்டு நகரக் கூடாது. தண்ணீர் ஒரு சொட்டும் ஊற்றக் கூடாது. அது எண்ணெய்க்கு அடியில் போய் நொடியில் ஆவியாகி, எரியும் எண்ணெயை அறை முழுக்க வீசிவிடும். மூடி போட்டும் அடங்காவிட்டால் எல்லோரும் வெளியேறித் தீயணைப்புத் துறையை அழையுங்கள். பொரிக்கத் தொடங்கும் முன்பே பொருந்தும் அளவு மூடி ஒன்றை கைக்கெட்டும் தூரத்தில் எடுத்து வைத்துவிடுவது எங்கள் வேண்டுகோள்.

கேள்வி: நடுவில் வரும் குட்டி வளையங்களையும் மீந்த மாவையும் என்ன செய்வது?

பதில்: இரண்டு சென்டிமீட்டருக்கும் குறைவான வளையத்தில் நடுத் துளை மாவால் அடைபட்டு, வேகாத உருண்டையாகிவிடும். அவற்றைப் பொடியாக நறுக்கி வேறு சமையலுக்கு வையுங்கள். மீந்த மாவைச் சேமிக்க முடியாது. மறுநாள் வாயு போய், பிசின் மாதிரி ஆகியிருக்கும். கையில் இருக்கும் காலிஃபிளவர், காளான், குடைமிளகாய் எதையாவது ஈரம் ஒற்றி, சோள மாவில் புரட்டி, அன்றைக்கே அந்த மாவில் முக்கிப் பொரித்துவிடுங்கள். காளானில் நீர் அதிகம், அதைக் கடைசி ஈடாக வைத்துக்கொள்ளுங்கள்.